இரண்டரைக் கிலோ நாய்க்கு மருந்து கொடுக்கும்போது வரும் சிக்கல்கள்: அறிகுறி வாரியாக

எங்கள் வீட்டுப் பொமரேனியன் மணிக்கு வயது 11, எடை 2 கிலோ 600 கிராம். இதய வால்வு தளர்ந்துபோனதால் மூன்று ஆண்டுகளாகக் காலையும் மாலையும் மாத்திரை. நடுவில் இரண்டு முறை உண்ணிக் காய்ச்சல், ஒரு முறை கண்ணில் புண். இரண்டாயிரம் தடவைக்கு மேல் அந்தச் சின்ன வாயைத் திறந்திருக்கிறேன். சின்ன நாய் வளர்க்கும் அக்கம்பக்கத்து வீடுகளிலிருந்தும் ‘மருந்து உள்ளே இறங்கவில்லை, கொஞ்சம் வந்து பாருங்கள்’ என்று கூப்பிடுவார்கள். எங்கே போனாலும் சிக்கல்கள் ஏறக்குறைய அவையேதான். அவற்றைக் கண்ணில் படும் அறிகுறியை வைத்துப் பிரித்து எழுதியிருக்கிறேன். எந்த மருந்து, எவ்வளவு என்பதை மருத்துவர்தான் முடிவு செய்ய வேண்டும். அவர் எழுதிக் கொடுத்ததை ஆபத்தில்லாமல் நாயின் வயிற்றில் சேர்ப்பது பற்றி மட்டுமே இங்கே பேசுகிறேன்.

முதலில் எடை, சிரிஞ்சு, உட்காரும் இடம்

முப்பது கிலோ லாப்ரடாருக்கு எடை அரை கிலோ முன்பின் இருந்தால் பெரிதாக ஒன்றும் ஆகிவிடாது. இரண்டரைக் கிலோ நாய்க்கு அந்த அரை கிலோ உடம்பில் ஐந்தில் ஒரு பங்கு. நாயைத் தூக்கிக்கொண்டு எடை பார்த்து, பிறகு நம் எடையைக் கழிக்கும் முறையில் 200, 300 கிராம் எளிதாகப் பிசகும். சமையலறை எலக்ட்ரானிக் தராசில் ஒரு கூடையை வைத்துப் பூஜ்யமாக்கிவிட்டு, நாயை அதில் உட்கார வையுங்கள். வளரும் குட்டியாக இருந்தால் போன மாதச் சீட்டிலுள்ள எடை இந்த மாதத்துக்கு ஆகாது.

இனத்தின் பெயரைச் சொல்லி யாரிடமும் அளவு கேட்காதீர்கள். நம் ஊரில் பொமரேனியன் என்று சொல்லி வளர்க்கிற நாய்களில் பல உண்மையில் இந்தியன் ஸ்பிட்ஸ். அவை 5 முதல் 7 கிலோ வரை இருக்கும், பெரிய வகை இன்னும் கூடுதல். அசல் பொமரேனியன் 2, 3 கிலோதான். ‘எங்கள் பொமரேனியனுக்கு அரை மாத்திரை கொடுத்தோம்’ என்று பக்கத்து வீட்டார் சொன்னதைக் கேட்டு உங்கள் நாய்க்கும் கொடுத்தால் இரண்டு மடங்கு போய்விடும்.

அடுத்தது சிரிஞ்சு. டீஸ்பூன், பாட்டில் மூடி, பாலாடை எதுவும் வேண்டாம். ஊசி கழற்றிய 1 மி.லி. சிரிஞ்சு வாங்குங்கள். மருந்துக் கடையில் சில சமயம் இன்சுலின் சிரிஞ்சை எடுத்துக் கொடுப்பார்கள். அங்கேதான் பெரிய பள்ளம் இருக்கிறது. இன்சுலின் சிரிஞ்சில் உள்ள கோடுகள் மில்லிலிட்டர் கணக்கு அல்ல, யூனிட் கணக்கு. சிவப்பு மூடி போட்ட யூ-40 வகையில் 40 என்ற கோடுதான் 1 மி.லி. மருத்துவர் 0.4 மி.லி. என்று எழுதியிருக்க, அந்த 40-ஐ 0.4 என்று நினைத்து இழுத்தால் இரண்டரை மடங்கு மருந்து ஏறிவிடும். இந்தத் தவறை இரண்டு வீடுகளில் நேரில் பார்த்திருக்கிறேன். மி.லி. என்று அச்சிட்ட சிரிஞ்சையே கேட்டு வாங்கி, மருத்துவர் சொன்ன அளவில் நிரந்தர மை பேனாவால் ஒரு கோடு போட்டுவிடுங்கள். வீட்டில் வேறு யார் கொடுத்தாலும் அந்தக் கோடு வரைதான்.

மூன்றாவது, தரையில் உட்கார்ந்து கொடுங்கள். சோபாவிலோ கட்டிலிலோ மடியில் வைத்துக் கொடுக்கும்போது நாய் திமிறிக் குதித்தால், பென்சில் தடிமனுள்ள முன்னங்கால் எலும்பு முறிந்துவிடும். சின்ன இனங்களில் முன்னங்கால் முறிவுகள் பலவும் இப்படித் தாழ்வான உயரத்திலிருந்து விழுந்து வந்தவைதான். கழுத்துப் பட்டையையும் கழற்றிவிடுங்கள்.

அறிகுறி: மாத்திரையைத் துப்பிவிடுகிறது

பெரும்பாலும் மாத்திரை நாக்கின் நுனியிலோ கன்னத்துக்குள்ளோ நின்றுவிடுவதுதான் காரணம். மணி முதல் மாதம் முழுவதும் என்னை நம்பவைத்து ஏமாற்றினான். வாயை மூடிக்கொள்வான், தொண்டை அசையும், வாலை ஆட்டுவான். ஒரு நாள் பெருக்கும்போது சோபாவுக்கு அடியில் பாதி கரைந்து காய்ந்த நான்கு மாத்திரைகள் கிடைத்தன. அந்த வாரம் அவன் ஏன் இரவெல்லாம் இருமினான் என்பது அப்போதுதான் புரிந்தது.

விழுங்கிவிட்டதா என்று தெரிந்துகொள்ள நாயின் மூக்கைப் பாருங்கள். உண்மையாக விழுங்கிய நாய் பெரும்பாலும் உடனே நாக்கை நீட்டி மூக்கை நக்கும். நக்கவில்லையென்றால் கன்னத்தை மெதுவாக விலக்கி, கடைவாய்ப் பற்களுக்கு வெளிப்புறம் தேடுங்கள்.

உணவில் ஒளித்துக் கொடுப்பதுதான் எளிய வழி. மூன்று உருண்டைகள் செய்யுங்கள், ஒவ்வொன்றும் பட்டாணி அளவு. முதலாவதில் ஒன்றும் இல்லை, இரண்டாவதில் மாத்திரை, மூன்றாவதில் ஒன்றும் இல்லை. மூன்றாவதைக் கண்ணில் காட்டிக்கொண்டே இரண்டாவதைக் கொடுத்தால் மெல்ல நேரமில்லாமல் விழுங்கிவிடும். வேகவைத்த கோழி ஈரல், முட்டை மஞ்சள் கரு, மசித்த இட்லி, வாழைப்பழம் எல்லாம் நல்லவை. நெய் உருண்டை, வெண்ணெய் உருண்டை தினமும் வேண்டாம். சின்ன நாய்களுக்கு அதிகக் கொழுப்பு கணையத்தைத் தாக்கும். உலர்திராட்சை, சாக்லேட், வெங்காயம் பூண்டு சேர்ந்த எதுவும் கூடவே கூடாது. ‘சர்க்கரை இல்லாதது’ என்று போட்ட இனிப்பு, சிரப், வேர்க்கடலை வெண்ணெய் ஆகியவற்றில் சைலிட்டால் இருக்கலாம். அது சின்ன நாயின் ரத்தச் சர்க்கரையை அரை மணி நேரத்தில் கீழே தள்ளிவிடும்.

ஒளிக்கும் உணவு மருந்துக்குப் பொருந்துகிறதா என்றும் கேட்டுக்கொள்ள வேண்டும். உண்ணிக் காய்ச்சலுக்குப் பெரும்பாலும் டாக்சிசைக்ளின் எழுதுவார்கள். அதைப் பன்னீரிலோ தயிர் சாதத்திலோ வைத்துக் கொடுத்தால் அவற்றிலுள்ள சுண்ணாம்புச் சத்து மருந்தைப் பிடித்துக்கொள்ளும், உடம்பில் முழுதாகச் சேராது. மணிக்குத் தருகிற பிமோபெண்டான் இதய மாத்திரையை வெறும் வயிற்றில், சாப்பாட்டுக்கு ஒரு மணி நேரம் முன்பு கொடுக்கச் சொல்லியிருக்கிறார்கள்.

உணவில் ஏமாறாத நாய்க்குக் கையால்தான் கொடுக்க வேண்டும். பக்கவாட்டில் உட்கார்ந்து, மேல் தாடையைக் கட்டைவிரலாலும் நடுவிரலாலும் கோரைப் பற்களுக்குப் பின்னால் பிடித்து, மற்றக் கையின் ஒரு விரலால் கீழ்த் தாடையை இறக்குங்கள். மாத்திரையை நாக்கின் நடுக்கோட்டில், முடிந்தவரை பின்னால் வைத்து வாயை மூடுங்கள். விரலைத் தொண்டைக்குழிக்குள் நுழைக்க வேண்டியதில்லை, அந்த வாயில் அதற்கு இடமும் இல்லை. பிறகு சிரிஞ்சால் கடைவாயில் 2, 3 மி.லி. தண்ணீரைச் சிறிது சிறிதாக விடுங்கள். இதைத் தவிர்க்காதீர்கள். உலர்ந்த மாத்திரை, குறிப்பாக டாக்சிசைக்ளின், உணவுக்குழாயில் ஒட்டி நின்றால் அந்த இடத்தைப் புண்ணாக்கிவிடும்.

பொடித்துக் கொடுக்கலாமா? மருத்துவரைக் கேட்காமல் கூடாது. குடலில் போய்க் கரைவதற்காக மேலே பூச்சு பூசிய மாத்திரையைப் பொடித்தால் மருந்து வயிற்றிலேயே வீணாகும். சீட்டில் எட்டில் ஒரு பங்கு என்று இருந்தால், ‘இதே மருந்து சொட்டாகவோ சிரப்பாகவோ கிடைக்குமா?’ என்று கூச்சப்படாமல் கேளுங்கள். மாத்திரையை எட்டாக உடைத்தால் எட்டும் எட்டு அளவாகத்தான் வரும்.

இரண்டு வேளை தொடர்ந்து உள்ளே போகவில்லையென்றால் மருத்துவரை அழையுங்கள். இதய மருந்து, வலிப்பு மருந்தாக இருந்தால் ஒரு வேளை தவறினாலே அழையுங்கள்.

அறிகுறி: வாயைத் தொட்டாலே உறுமுகிறது, கடிக்க வருகிறது

முன்பு ஒழுங்காக வாங்கிக்கொண்ட நாய் திடீரென்று கடிக்க வந்தால் அதைப் பிடிவாதம் என்று எடுத்துக்கொள்ளாதீர்கள், வாய் வலியைத் தேடுங்கள். சின்ன இனங்களுக்குப் பல் நோய் சீக்கிரமே வந்துவிடும். உதட்டை மட்டும் தூக்கிப் பாருங்கள்: ஈறு ஓரம் சிவப்புக் கோடு, மஞ்சள் கறை, ஆடும் பல், துர்நாற்றம். ஈறு நோய் முற்றிய சின்ன நாயின் கீழ்த் தாடை எலும்பு அரித்து மெலிந்திருக்கும். வாயைப் பலமாகத் திறந்தால் தாடையே முறிந்துபோகலாம். அப்படி இருந்தால் மாத்திரையை விட்டுவிட்டுத் திரவ மருந்து கேட்டு வாங்குங்கள், பல்லையும் காட்டுங்கள்.

வாய் நன்றாக இருந்தும் உறுமினால் பயந்திருக்கிறது என்று பொருள். இரண்டு பேர் சேர்ந்து அமுக்கிப் பிடித்த பழைய அனுபவம் ஒன்று போதும். பெரிய துண்டில் சுற்றி முகம் மட்டும் வெளியே தெரியும்படி வைத்துக்கொள்ளலாம், ஆனால் கழுத்தைச் சுற்றி இரண்டு விரல் நுழையும் இடம் விடுங்கள்.

பிடரித் தோலைப் பிடித்துத் தூக்குவது அறவே கூடாது. பக், ஷிட்ஸு, சிவாவா, பெக்கிங்கீஸ் போன்ற தட்டை முகமோ பிதுங்கிய கண்ணோ உள்ள நாய்களைப் பிடரியில் இறுக்கிப் பிடித்தால் கண் குழியிலிருந்து வெளியே வந்துவிடும். வந்துவிட்டால் உள்ளே தள்ள முயலாதீர்கள். சலைன் அல்லது சுத்தமான தண்ணீரில் நனைத்த துணியால் கண்ணை ஈரமாக மூடிக்கொண்டு அந்த நிமிடமே மருத்துவமனைக்கு ஓடுங்கள். எவ்வளவு சீக்கிரம் போகிறீர்களோ அவ்வளவுக்குக் கண்ணைக் காப்பாற்ற வாய்ப்பு இருக்கிறது.

அறிகுறி: மருந்து கொடுத்ததும் வாயில் நுரை தள்ளுகிறது

இரவில் வரும் தொலைபேசி அழைப்புகளில் பாதி இதற்குத்தான். மெட்ரோனிடசோல் போன்ற கசப்பு மருந்து நாக்கில் பட்டால் நாய் நுரை நுரையாக எச்சில் விட்டுத் தலையை உதறும். பத்து நிமிடத்தில் அடங்கிவிட்டால் கவலை இல்லை. கடைவாயில் கொஞ்சம் தண்ணீர் விடுங்கள், அடுத்த வேளை மாத்திரையை உடைக்காமல் முழுதாக உருண்டைக்குள் மூடிக் கொடுங்கள். உடைத்த பக்கம்தான் அதிகம் கசக்கும். கண் சொட்டு விட்ட பிறகு நுரை வந்தாலும் காரணம் அதேதான், சொட்டு கண்ணிலிருந்து மூக்கு வழியாகத் தொண்டைக்கு இறங்கிவிடும்.

நுரையோடு கால்கள் விறைத்து இழுத்தாலோ, கூப்பிட்டால் திரும்பிப் பார்க்காவிட்டாலோ, ஈறு வெளுத்தாலோ அது கசப்பினால் வந்தது அல்ல. உடனே மருத்துவமனை.

முகமும் கண் இமையும் வீங்கினால், உடம்பில் தடிப்புத் தடிப்பாக எழும்பினால் ஒவ்வாமை. இதில் வீட்டில் சரிபார்க்க எதுவும் இல்லை, கிளம்ப வேண்டியதுதான்.

அறிகுறி: புரையேறுகிறது, இருமுகிறது

எனக்கு மிகவும் பயம் தருவது இது. திரவ மருந்தில்தான் பெரும்பாலும் நடக்கும். போன மழைக்காலத்தில் பக்கத்துத் தெரு அக்கா கூப்பிட்டார். 1 கிலோ 300 கிராம் ஷிட்ஸு குட்டி. அவர் மாமியார் கைக்குழந்தைக்குக் கொடுப்பது போலக் குட்டியை மல்லாத்தி, பாலாடையில் சிரப்பை ஊற்றிக்கொண்டிருந்தார். நான் போய்ச் சேர்ந்தபோது குட்டியின் இடது மூக்குத் துளையில் இளஞ்சிவப்பு நிறத்தில் ஒரு குமிழி வந்து வந்து உடைந்துகொண்டிருந்தது. வயிற்றுக்குப் போக வேண்டிய மருந்து மூச்சுப் பாதையில் நின்றது. “அம்மா, நிமிர்த்துங்கள், தலையைத் தாழ்த்துங்கள்” என்று சொல்லி வாங்கிக்கொண்டேன். அந்த அம்மா மூன்று பிள்ளைகளையும் ஐந்து பேரப்பிள்ளைகளையும் பாலாடையில் வளர்த்தவர், அக்கறையில் குறை ஒன்றும் இல்லை. நாயை மல்லாத்தக் கூடாது என்பது அவருக்குத் தெரியவில்லை, அவ்வளவுதான்.

அப்போது செய்ய வேண்டியது: மருந்தை நிறுத்துங்கள். நாய் நான்கு காலில் நிற்கட்டும் அல்லது மூக்கு தரையை நோக்கித் தாழ்ந்திருக்கட்டும். வாயையும் மூக்கையும் துடைத்துவிடுங்கள். இருமுகிற நாயின் முதுகில் தட்ட வேண்டாம், தண்ணீரும் கொடுக்க வேண்டாம். இருமல் தன் வேலையைச் செய்யட்டும். மீதி மருந்தை அந்த வேளை கொடுக்காதீர்கள்.

இருமலே வராமல், மூச்சும் இல்லாமல் ஈறு நீலமாகிறது என்றால் மாத்திரை அடைத்திருக்கலாம். இடுப்பை உயர்த்தித் தலை தொங்கும்படி பிடித்துத் தோள்பட்டைகளுக்கு நடுவில் உள்ளங்கையால் நான்கைந்து தட்டுத் தட்டுங்கள். வாய்க்குள் மாத்திரை கண்ணுக்குத் தெரிந்தால் மட்டும் விரலால் எடுங்கள், தெரியாததைத் துழாவினால் இன்னும் உள்ளே போகும். ஒருவர் இதைச் செய்துகொண்டிருக்க, மற்றவர் வண்டியை எடுக்கட்டும்.

அடங்கிய பிறகு எந்த வகை என்று பாருங்கள்.

*மூக்கால் காற்றை உள்ளே இழுத்து இழுத்துக் குறட்டை போலச் சத்தம், ஒரு நிமிடத்துக்குள் நின்று சாதாரணமாகிவிட்டது.* பின்னோக்கிய தும்மல். சின்ன இனங்களில் சகஜம். தொண்டையை மெதுவாகத் தடவிவிட்டால் போதும்.

*வாத்து கத்துவது போன்ற வறட்டு இருமல், கழுத்தைத் தொட்டாலும் தூக்கினாலும் வருகிறது.* மூச்சுக்குழாய் தளர்ந்து மடங்கும் கோளாறாக இருக்கலாம். பொமரேனியன், யார்க்ஷயர் டெரியர், சிவாவா ஆகியவற்றில் அதிகம். மருந்து இதை உண்டாக்கவில்லை, கழுத்தைப் பிடித்த விதம் கிளப்பிவிட்டது. இனி கழுத்தில் கை வைக்காமல் மார்பைத் தாங்கிப் பிடியுங்கள், வெளியே கூட்டிப்போக மார்புப் பட்டை வாங்குங்கள். அந்த வாரத்திலேயே மருத்துவரிடம் காட்டுங்கள்.

*அன்று சரியாகிவிட்டது, ஒன்றிரண்டு நாள் கழித்துச் சோர்வு, சாப்பிடவில்லை, மூச்சு வேகம்.* மருந்து நுரையீரலுக்குள் இறங்கி நிமோனியா ஆகியிருக்கலாம். தூங்கும்போது விலா ஏறி இறங்குவதை ஒரு நிமிடம் எண்ணுங்கள். 30-க்குள் இருந்தால் சரி. அதற்கு மேல் போனால் அன்றே மருத்துவரிடம் பேசுங்கள். 40-ஐத் தாண்டினால் காத்திருக்காமல் கிளம்புங்கள். மார்பு எக்ஸ்ரே எடுக்க வேண்டியிருக்கும், சில நாள் மருத்துவமனையில் ஆக்சிஜனும் தேவைப்படலாம். நான் சொல்கிற சிக்கல்களில் அதிகம் செலவு வைப்பது இதுதான். பக்கத்துத் தெருக் குட்டி ஐந்து நாள் ஊசி போட்டுப் பிழைத்தது.

திரவம் கொடுக்கும் முறை: நாய் நிமிர்ந்து உட்கார்ந்திருக்க வேண்டும், தலை இயல்பான மட்டத்தில் இருக்க வேண்டும், அண்ணாந்து பார்க்கக் கூடாது. உதட்டின் ஓரத்தை இழுத்தால் பல்லுக்கும் கன்னத்துக்கும் நடுவே ஒரு சின்னப் பை விரியும். சிரிஞ்சின் நுனியை அங்கே வைத்து அரை மி.லி. விடுங்கள். விழுங்குவதைப் பார்த்த பிறகு அடுத்த அரை மி.லி. மொத்தம் 2 மி.லி. என்றால் நான்கு தடவை, இடையில் மூச்சு விட நேரம். அவசரமாக அலுவலகம் கிளம்பும்போது கொடுக்காதீர்கள், பத்து நிமிடம் முன்னதாக எழுந்திருங்கள்.

அறிகுறி: வாந்தி எடுத்துவிட்டது

முதலில் வாந்தியைக் கிளறிப் பாருங்கள். மாத்திரை முழுதாக இருக்கிறதா? எத்தனை நிமிடம் ஆயிற்று? இந்த இரண்டையும் மருத்துவரிடம் சொன்னால், திரும்பக் கொடுக்கலாமா என்று அவர் சொல்வார். நாமாகவே இன்னொரு மாத்திரை போடக் கூடாது, பாதி மருந்து ஏற்கெனவே உடம்பில் சேர்ந்திருக்கக்கூடும்.

காரணம் வெறும் வயிற்றில் கொடுத்ததாக இருக்கலாம். டாக்சிசைக்ளினும் வலி மாத்திரைகளும் அப்படிச் செய்யும். அடுத்த வேளை சாப்பிட்டவுடன் கொடுங்கள். அடுத்து, மருந்து கெட்டுப்போயிருக்கலாம். பொடியில் தண்ணீர் கலக்கும் சிரப்பைக் காய்ச்சி ஆறிய நீரில், பாட்டிலில் உள்ள கோடு வரை கலந்து, குளிர்சாதனப் பெட்டியில் வைக்கச் சொல்லியிருப்பார்கள். அமாக்சிசிலின்-கிளாவுலனேட் கலந்த பிறகு ஏழு நாள்தான் தாங்கும். நம் ஊர் வெயிலில் மேசைமேல் இருந்த பாட்டிலை நம்பாதீர்கள். அடியில் படிந்த மருந்தைக் குலுக்காமல் ஊற்றினால் முதல் நாள் வெறும் இனிப்பு நீர் போகும், கடைசி நாள் மருந்தெல்லாம் ஒன்றாகப் போகும்.

ஒரே நாளில் மூன்று முறை வாந்தி, வாந்தியில் ரத்தம், தார் போலக் கறுத்த மலம், தண்ணீர்கூடத் தங்கவில்லை: இவற்றில் ஒன்று இருந்தாலும் வலி மாத்திரையை நிறுத்திவிட்டு அன்றே மருத்துவமனைக்குப் போங்கள். ஸ்டீராய்டும் வலி மாத்திரையும் ஒன்றாகப் போகிறதா என்று சீட்டுகளை எடுத்துப் பாருங்கள். இரண்டு மருத்துவர்கள் தனித்தனியாக எழுதியிருந்தால் இந்த விபத்து நடக்கும், இரைப்பையில் புண் வரும்.

அறிகுறி: தள்ளாடுகிறது, நடுங்குகிறது, துவண்டு கிடக்கிறது

உடல் சரியில்லாத சின்ன நாய், அதிலும் நான்கு மாதத்துக்கு உட்பட்ட குட்டி, சில மணி நேரம் சாப்பிடாமல் இருந்தாலே ரத்தச் சர்க்கரை இறங்கிவிடும். மருந்துதான் காரணம் என்று நினைப்பதற்கு முன் கடைசியாக எப்போது சாப்பிட்டது என்று யோசியுங்கள். நினைவு இருந்தால் தேனையோ குளுக்கோஸ் கரைசலையோ விரலில் தொட்டு ஈறில் தடவுங்கள், பிறகு கொஞ்சம் உணவு. நினைவு தப்பியிருந்தால் வாயில் எதையும் ஊற்றாதீர்கள். ஈறில் மட்டும் தடவிக்கொண்டே மருத்துவமனைக்குப் போங்கள். தடவியதும் எழுந்து நடந்தாலும் போகத்தான் வேண்டும், அந்தச் சர்க்கரை வெகுநேரம் நிற்காது.

இன்சுலின் போடும் நாயாக இருந்தால் இன்னும் கவனம். சாப்பிடவில்லையென்றால் மருத்துவரைக் கேட்காமல் ஊசி போடாதீர்கள். யூ-100 இன்சுலினை (1 மி.லி.யில் 100 யூனிட்) யூ-40 சிரிஞ்சில் எடுத்தால் அதே கோட்டில் இரண்டரை மடங்கு போகும். பாட்டிலையும் சிரிஞ்சையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து எண்ணைப் படித்த பிறகே இழுங்கள்.

உண்ணிக்கு மருந்து தெளித்த அல்லது குளிப்பாட்டிய பிறகு மயக்கமாகக் கிடந்தால் என்ன மருந்து என்று பாருங்கள். மாட்டுக்கும் பெரிய நாய்க்கும் வாங்கிய அமிட்ராஸைக் கண்ணளவில் கலந்து ஊற்றும் பழக்கம் இருக்கிறது. சிவாவாவுக்கு அது ஆகவே ஆகாது. பெரிய நாயின் உண்ணி மாத்திரையை வெட்டிப் பங்கு போடுவதும் தவறு. அதில் மருந்து எல்லாப் பக்கமும் சமமாகப் பரவியிருக்கும் என்பதற்கு உத்தரவாதம் இல்லை. எடைக்கு ஏற்ற சின்னப் பொட்டலத்தையே வாங்குங்கள்.

அறிகுறி: அளவு கூடிவிட்டது, அல்லது தவறான மருந்து உள்ளே போய்விட்டது

காலையில் அப்பா கொடுத்ததை அறியாமல் அம்மா இன்னொரு முறை கொடுத்துவிடுவதுதான் அடிக்கடி நடக்கிறது. குளிர்சாதனப் பெட்டிக் கதவில் ஒரு தாளை ஒட்டி, கொடுத்தவர் உடனே டிக் அடித்தால் இது நின்றுவிடும். நடந்துவிட்டால் மருந்தின் பெயர், மில்லிகிராம், நேரம் மூன்றையும் எழுதிக்கொண்டு மருத்துவரை அழையுங்கள். நாய் நன்றாகத்தானே இருக்கிறது என்று காத்திருக்காதீர்கள்.

மனித மருந்துதான் மிகக் கொடியது. காய்ச்சல் என்று நினைத்து ஒரு 650 மி.கி. பாராசிட்டமால் கொடுத்தால், மணியின் எடைக்கு அது கிலோவுக்கு 250 மி.கி. கிலோவுக்குச் சுமார் 100 மி.கி. எட்டினாலே நாயின் கல்லீரலுக்கு ஆபத்து. ஈறு பழுப்பாகும், முகமும் பாதமும் வீங்கும், சிறுநீர் கறுக்கும். இதற்கு முறிமருந்து இருக்கிறது, சீக்கிரம் போனால் பலன் உண்டு. ஐபுப்ரோஃபென், டைக்ளோஃபெனாக் இரண்டும் இரைப்பையையும் சிறுநீரகத்தையும் தாக்கும்.

உப்புக் கரைசல் ஊற்றி வாந்தி எடுக்க வைக்காதீர்கள். இரண்டு கிலோ உடம்புக்கு அந்த உப்பே விஷம். மாத்திரை அட்டையை எடுத்துக்கொண்டு கிளம்புங்கள். விழுங்கி ஒன்றிரண்டு மணி நேரத்துக்குள் போய்ச் சேர்ந்தால் மருத்துவர் பாதுகாப்பாக வாந்தி எடுக்க வைக்க முடியும்.

அறிகுறி: கண் சொட்டு விட்டபின் கண்ணைத் திறக்கவில்லை

முதல் நிமிடம் எரிச்சல் இருக்கலாம். சொட்டை எதிரிலிருந்து கொண்டுவராமல் தலைக்குப் பின்பக்கமிருந்து, பாட்டில் நுனி கண்ணில் படாமல் விடுங்கள். இரண்டு வகைச் சொட்டு மருந்துகள் இருந்தால் நடுவே ஐந்து நிமிடம், களிம்பு கடைசியில். கண்ணை இடுக்கிக்கொண்டே இருந்தால், காலால் தேய்த்தால், கருவிழியில் வெண்படலம் தெரிந்தால் அன்றே காட்டுங்கள். பழைய சொட்டு மருந்து பாக்கி இருக்கிறதே என்று விடாதீர்கள். அதில் ஸ்டீராய்டு இருந்து, கண்ணில் புண்ணும் இருந்தால் கருவிழியே ஓட்டையாகும். காதுச் சொட்டு விட்டபின் தலை ஒரு பக்கம் சாய்ந்தாலோ தள்ளாடினாலோ, செவிப்பறை கிழிந்திருக்கலாம் என்பதால் நிறுத்திவிட்டு மருத்துவரிடம் போங்கள்.

அறிகுறி: வீடெல்லாம் சிறுநீர், ஓயாத தாகம்

பிரட்னிசோலோன் என்ற ஸ்டீராய்டும், இதய நோய்க்குத் தரும் ஃபுரோசமைடும் இப்படித்தான் செய்யும். திட்டாதீர்கள், தண்ணீரையும் குறைக்காதீர்கள். இரவில் ஒரு முறை கூடுதலாக வெளியே விடுங்கள். எரிச்சலில் ஸ்டீராய்டைத் திடீரென்று நிறுத்துவது ஆபத்து, மருத்துவர் சொல்லும் விதத்தில் படிப்படியாகவே குறைக்க வேண்டும்.

அறிகுறி: ஒரு வேளை மறந்துபோயிற்று

ஒன்றிரண்டு மணி நேரத்தில் நினைவு வந்தால் பொதுவாகக் கொடுத்துவிடலாம். அடுத்த வேளை நெருங்கிவிட்டால் விட்டுவிடுங்கள். இரண்டையும் சேர்த்துக் கொடுக்கவே கூடாது. இன்சுலினுக்கும் இதய மருந்துக்கும் வலிப்பு மருந்துக்கும் இந்தக் கணக்கு வேண்டாம், கேட்டுத்தான் செய்ய வேண்டும்.

அழைக்கும் முன் கையில் இருக்க வேண்டியவை

இன்றைய எடை, மருந்துப் பாட்டில் அல்லது அட்டை, எத்தனை மி.லி., எத்தனை மணிக்கு, கடைசியாகச் சாப்பிட்ட நேரம், ஒரு நிமிட மூச்சு எண்ணிக்கை, ஈறின் நிறம். இருமலையும் நடுக்கத்தையும் கைப்பேசியில் படம் பிடித்துக்கொள்ளுங்கள், மருத்துவர் முன்னால் போனதும் நாய் ஒன்றுமே நடக்காதது போல நிற்கும். இரவில் திறந்திருக்கும் மருத்துவமனை எது என்பதை இன்று பகலிலேயே விசாரித்து வையுங்கள். சென்னையில் வேப்பேரியிலும், வெளியூர்களில் நாமக்கல், திருநெல்வேலி, ஒரத்தநாடு ஆகிய இடங்களிலும் உள்ள கால்நடை மருத்துவக் கல்லூரிகளில் சிகிச்சைப் பிரிவு உண்டு. எந்த நேரத்தில் பார்ப்பார்கள் என்று முன்னதாகக் கேட்டு, எங்கள் வீட்டில் செய்திருப்பது போல அந்த எண்ணையும் டிக் அடிக்கும் அதே தாளின் மேல் ஓரத்தில் பெரிதாக எழுதி ஒட்டிவிடுங்கள்.